காஜா பெராங் வீட்டின் விலை

கமலவேணி புது வீட்டுக்கு வந்த முதல் வருடம் நிம்மதியாகத்தான் இருந்தாள். அவளுக்கு இருப்புக் கொள்ளாமல் போனது இரண்டாம் வருடத் தொடக்கத்தில், ஜனவரி முதல் வாரத்தில், தபால்காரர் ஒரு நீள உறையைக் கதவிடுக்கில் செருகிவிட்டுப் போன பிறகு.

அதற்கு முன் எட்டு வருடம் அவளும் கணவன் கலியாணசுந்தரமும் இரண்டு பெண் பிள்ளைகளும் மலாக்காவில் செட்டிக் கம்பம் என்ற குடியிருப்பில் பாக்கியத்தின் வீட்டுப் பின்கட்டில் இருந்தார்கள். வாடகை இருபது வெள்ளி. பாக்கியம் மலாக்கா செட்டி வம்சத்துப் பெண். நெற்றியில் திருநீறு, வாயில் மலாய். தமிழில் அவளுக்குத் தெரிந்தவை சாமி பெயர்களும் நாலைந்து சொற்களும்தான். வாடகை கேட்க அவள் ஒரு நாளும் வாசலுக்கு வந்ததில்லை. ஆனாலும் கூரை ஒழுகினால் அவளிடம் சொல்லிவிட்டுக் காத்திருக்க வேண்டும், சுவரில் ஆணி அடிக்க வேண்டுமென்றால் கேட்க வேண்டும். கலியாணசுந்தரத்துக்கு அந்தக் கேட்பதுதான் பிடிக்காது. பஸ் கம்பெனியில் டிக்கெட் பரிசோதகர் அவர். நாளெல்லாம் அடுத்தவர்களைக் கேள்வி கேட்டுப் பழகியவர்.

ஐம்பத்தேழாம் வருடம் ஆகஸ்டில் நாடு விடுதலை பெற்றுப் புதுக் கொடி ஏறியது. அந்த வருடக் கடைசியில் காஜா பெராங் சாலைக்குப் பின்புறம் தவுக்கே என்று எல்லாரும் அழைக்கும் ஒரு சீன முதலாளி வரிசை வீடுகள் கட்டி விற்கத் தொடங்கினார். கீழே செங்கல், மேலே பலகை, முன்னால் ஒரு கூடம், இரண்டு அறை, பின்னால் குழாயடி. ஒன்று ஏழாயிரத்து ஐந்நூறு வெள்ளி. முன்பணம் ஆயிரத்து ஐந்நூறு. கமலவேணியின் ஆறு வளையல்களும், ஐந்து வருடம் கூட்டு என்ற சீட்டுக் கட்டி எடுத்த பணமும், அவர் சேமிப்பும் சேர்ந்து அது வந்தது. மிச்சம் ஆறாயிரத்தை வீட்டுக்கடன் சங்கம் ஒன்று தரச் சம்மதித்தது.

"எல்லாரும் ஊருக்குக் கப்பல் டிக்கெட்டு எடுக்கிற நேரத்துல நீ இருபது வருஷத்துக்குக் கையெழுத்துப் போடுறியா?" என்று கேட்டார் நடராஜன். அவரும் அதே கம்பெனியில் கண்டக்டர். "இருபது வருஷம் யாரு இங்க இருக்கப் போறா?"

"எலி வளையானாலும் தனி வளை வேணும்டா," என்றார் கலியாணசுந்தரம்.

கையெழுத்துப் போட்ட அன்று கமலவேணியும் சங்கத்து மாடிக்குப் போயிருந்தாள். அவளிடம் யாரும் கையெழுத்துக் கேட்கவில்லை. கணவரின் குடையைப் பிடித்துக்கொண்டு சுவரோரம் நின்றாள். எட்டுப் பக்க ஆங்கிலக் காகிதத்தை அதிகாரி வேகமாகப் படித்துக்கொண்டே போனார். முடித்தபின், ஏதாவது கேட்க வேண்டுமா என்றார்.

"மாசம் எவ்வளவு சார்?"

"நாற்பத்தொன்பது வெள்ளி ஐந்து காசு."

வேறு கேள்வி எதுவும் கலியாணசுந்தரம் கேட்கவில்லை. வட்டி வருடத்துக்கு நூற்றுக்கு ஏழரை என்று மட்டும் கமலவேணியின் காதில் விழுந்தது. அவள் அறிந்த செட்டியார் வட்டி மாதத்துக்கே நூற்றுக்கு இரண்டு வெள்ளி. இது சல்லிசு என்று நினைத்தாள். சல்லிசான வட்டியும் ஒரு வீட்டில் இருபது வருடம் உட்கார்ந்து சாப்பிட்டால் என்ன ஆகும் என்று அன்றைக்கு அவளுக்குத் தோன்றவில்லை.

தைப் பொங்கலுக்குப் புது வீட்டில் பால் பொங்கியது. கலியாணசுந்தரம் முதல் வேலையாக ஒரு சுத்தியலை எடுத்து, யாரையும் கேட்காமல், கூடத்துச் சுவரில் மூன்று ஆணி அடித்தார். மாட்டப் படம் ஒன்றுதான் இருந்தது.

அந்த வருடம் முழுக்க ஒன்றாம் தேதி தவறாமல் பணம் போயிற்று. கமலவேணியிடம் காலால் மிதிக்கும் தையல் மெஷின் ஒன்று இருந்தது. ரவிக்கை தைக்க ஒரு வெள்ளி இருபது காசு, பள்ளிக்கூடச் சட்டைக்கு ஒன்றரை. சுற்று வட்டாரத்தில் அவள் தையலுக்குப் பெயர் உண்டு. வீட்டுத் தவணையில் பாதி அவள் காலடியில் இருந்துதான் வந்தது.

பிறகு அந்த நீள உறை வந்தது. சங்கத்துக் கடிதம், ஆங்கிலத்தில். கமலவேணி தமிழ்ப் பள்ளியில் ஆறு வருடம் படித்தவள். ஆங்கிலம் வராது. எண்களைப் படிக்க ஆங்கிலம் தேவைப்படவில்லை. 6,000.00 என்று ஒரு வரி. 450.00 என்று ஒரு வரி. 588.60 என்று ஒரு வரி. கடைசியில் கோடு போட்டு, 5,861.40.

சாப்பிட வந்த கணவரிடம் நீட்டினாள்.

"கட்டினதுக்குக் கணக்கு அனுப்பியிருக்கான். உள்ள வை."

"ஏங்க, பன்னெண்டு மாசம் கட்டியிருக்கோம். அறுநூறு வெள்ளிக்குக் கிட்டத்தட்ட. கடன் ஐயாயிரத்து நானூறுக்கு வந்திருக்கணும். இவன் ஐயாயிரத்து எண்ணூத்து அறுபத்தொண்ணுன்னு போட்டிருக்கான்."

"வட்டி எடுத்திருப்பான் லா. சும்மாவா குடுப்பான்?"

"இவ்வளவா எடுப்பான்?"

"எல்லாருக்கும் அதுதான். நம்மளுக்கு மட்டுமா? ரசத்தை ஊத்து."

ரசத்தை ஊற்றினாள். ஆனால் அன்று மத்தியானம் ஒரு ரவிக்கைக்கு இடது கையை வலப்பக்கம் வைத்துத் தைத்துவிட்டாள். பிரித்துத் திரும்பத் தைத்தாள். அதுவும் கோணியது. எழுந்து கூடத்துக்கும் குழாயடிக்குமாக நடந்தாள். வருடம் முழுக்க மிதித்த மிதியில் கடன் இறங்கியது நூற்று முப்பத்தெட்டு வெள்ளி அறுபது காசு. ஆணி அடித்த சுவரைத் தொட்டுப் பார்த்தாள். இதில் எத்தனை செங்கல் தங்களுடையது என்று எண்ணம் ஓடியது.

மறுநாள் கணவரிடம் சொல்லாமல் சங்கத்துக்குப் போனாள். ஆற்றுப் பக்கத்தில் ஒரு கப்பல் சாமான் கடைக்கு மேல் இருந்தது அது. கணக்கு மேசையில் பொன்னுதுரை என்று ஒருவர். யாழ்ப்பாணத்துக்காரர், அவள் வயதுதான் இருக்கும், முப்பத்தைந்துக்குள். தலையைத் தூக்காமல் பேசுகிறவர்.

"என்ன விசயம்?"

கடிதத்தை வைத்தாள். "இதுல தப்பு இருக்குங்க."

அவர் பார்த்தார். "ஒரு பிழையும் இல்லை. ஆறாயிரத்துக்கு வருசத்து வட்டி நானூற்றைம்பது. நீங்கள் கட்டின காசு முதல்லை வட்டிக்குப் போகும். மிஞ்சினதுதான் அசலிலை கழியும். விளங்குதோ?"

"அப்ப மாசா மாசம் கட்டுறப்பவே கடன் குறையாதா?"

"இல்லை. வருசக் கடைசியிலைதான் கணக்குப் பாக்கிறது. ஜனவரி ஒண்டிலை எவ்வளவு கடன் நிக்குதோ, அதுக்கு முழு வருசத்துக்கும் வட்டி."

கமலவேணி கடிதத்தைத் திருப்பி எடுத்துக்கொண்டாள். "எல்லாம் முடியும்போது நாங்க மொத்தமா எவ்வளவு கட்டியிருப்போம்?"

பொன்னுதுரை அப்போதுதான் தலையைத் தூக்கினார். "அதை ஒருத்தரும் கேக்கிறதில்லை. மாதத் தவணையை இருநூற்று நாப்பதாலை பெருக்குங்கோ."

திரும்பும்போது அவள் பஸ் ஏறவில்லை. பரிசோதகர் மனைவி என்று கண்டக்டர்கள் காசு வாங்க மாட்டார்கள். ஆனால் உட்கார்ந்து வர அவளால் முடியாது போலிருந்தது. குடையை விரிக்கக்கூடத் தோன்றாமல் வெயிலில் நடந்தாள். ஐம்பது வெள்ளி என்று வைத்துக்கொண்டால் இருநூற்று நாற்பது மாதத்துக்குப் பன்னிரண்டாயிரம். மாதம் தொண்ணூற்றைந்து காசு குறைவு, அதற்கு இருநூற்று இருபத்தெட்டு வெள்ளி கழித்தால் பதினோராயிரத்து எழுநூற்று எழுபத்திரண்டு. ஒரு மருந்துக் கடை நிழலில் நின்று இன்னொரு முறை போட்டுப் பார்த்தாள். அதேதான் வந்தது. முன்பணத்தையும் சேர்த்தால் பதின்மூவாயிரத்து இருநூற்று எழுபத்திரண்டு. தவுக்கே ஏழாயிரத்து ஐந்நூறுக்கு விற்ற வீடு.

வழியில் பாக்கியத்தின் வீடு. பாக்கியம் வாசலில் நின்றிருந்தாள். வியர்த்துக் கொட்டிய முகத்தைப் பார்த்துவிட்டு உள்ளே கூப்பிட்டுத் தண்ணீர் கொடுத்தாள். கமலவேணி தனக்குத் தெரிந்த மலாயில் விஷயத்தைச் சொன்னாள். பாக்கியம் கேட்டுவிட்டு, "லூ புன்யா ருமா, தாப்பி டூடோக் தா செனாங்," என்றாள். உன் சொந்த வீடு, ஆனால் உன்னால் நிம்மதியாக உட்கார முடியவில்லை. கேலியாகச் சொல்லவில்லை. எட்டு வருடம் வாடகைக்கு விட்டவள் என்ற முறையில், பின்கட்டு இன்னும் காலியாகத்தான் இருக்கிறது என்பதையும் சேர்த்துச் சொன்னாள்.

வீட்டை விற்றுவிட்டுத் திரும்பிப் போய்விடலாமா என்றுகூட இரண்டு வாரம் கமலவேணி நினைத்தாள். காலையில் வேண்டாம் என்று தோன்றும், பிற்பகலில் விற்றுவிடலாம் என்று தோன்றும். பின்கட்டில் இருபது வெள்ளி கொடுத்து இருபது வருடம் இருந்தால் நாலாயிரத்து எண்ணூறு போகும், கடைசியில் கையில் ஒன்றும் இருக்காது. இங்கே பதின்மூவாயிரம் போகும், கடைசியில் வீடு இருக்கும். எதைப் பிடித்தாலும் மற்றது நழுவியது. துணி கொடுத்தவர்கள் இரண்டு முறை வந்து வெறுங்கையாகத் திரும்பினார்கள்.

அந்த நேரத்தில்தான் மோட்டார் சைக்கிள் பேச்சு வந்தது.

நடராஜன் கடைசியில் கப்பல் டிக்கெட் எடுத்துவிட்டார். நாகப்பட்டினத்துக்குக் குடும்பத்தோடு போகிறார். அவரிடம் இரண்டு வருடம் ஓடிய மோட்டார் சைக்கிள் ஒன்று இருந்தது. எழுநூறு வெள்ளிக்குக் கலியாணசுந்தரத்துக்குத் தருவதாகச் சொன்னார். முதல் பஸ்ஸைப் பிடிக்க அதிகாலையில் டிப்போவுக்கு நடந்தே போகிறவருக்கு அது பெரிய ஆசை. முகமெல்லாம் சிரிப்பாக வீட்டுக்கு வந்தார்.

"காசு எங்கங்க இருக்கு?"

"அதான் விஷயமே. சங்கத்துல கேட்டுட்டேன். எழுநூறையும் வீட்டுக் கடன்லயே சேர்த்துத் தருவானாம். பழையபடி இருபது வருஷம்னு புதுசா எழுதிக்கலாம். மாசம் அம்பத்து மூணு வெள்ளி அறுபத்தஞ்சு காசு. இப்ப கட்டுறதை விட நாலு வெள்ளி அறுபது காசுதான் கூட. டீ குடிக்கிற காசு."

கமலவேணி உள்ளே போய், கிழித்த நாட்காட்டித் தாள் ஒன்றையும் பென்சிலையும் எடுத்து வந்தாள். அவர் எதிரிலேயே தரையில் உட்கார்ந்து போட்டாள். புதுத் தவணையை இருநூற்று நாற்பதால் பெருக்கினாள். பழைய தவணையில் இனி மிச்சமிருக்கும் இருநூற்று இருபத்தெட்டு மாதத்தைப் பெருக்கி அதிலிருந்து கழித்தாள். தாளை அவர் பக்கம் திருப்பினாள்.

"ஆயிரத்து அறுநூத்துத் தொண்ணூத்திரண்டு. எழுநூறு வெள்ளி வண்டிக்கு."

"இது என்ன கணக்கு?"

"நாலு வெள்ளி அறுபது காசுன்னு அவன் சொல்றான். இன்னும் ஒரு வருஷம் கூடக் கட்டணும்னு சொல்லல. வண்டி எத்தனை வருஷம் ஓடும்? ஆறா, ஏழா? துருப்பிடிச்சுத் தூக்கிப் போட்ட பின்னாடி பதிமூணு வருஷம் அதுக்குக் கட்டிக்கிட்டு இருப்போம்."

கலியாணசுந்தரம் தாளைப் பார்த்தார். பஸ்ஸில் தப்பான டிக்கெட்டைக் கண்டுபிடிக்கும்போது அவர் கண் எப்படிச் சுருங்குமோ அப்படிச் சுருங்கியது. தப்பு இல்லை என்று தெரிந்ததும் கோபம் வந்துவிட்டது.

"பதினாறு வயசுலேருந்து உழைக்கிறேன் கமலம். ஒரு வண்டி ஏறக் குடுத்து வைக்கலையா நான்? எல்லாத்தையும் பெருக்கிப் பெருக்கிப் பார்த்தா மனுஷன் வாழ முடியுமா?"

"நான் வேணாம்னு சொல்லலீங்க. அது என்ன விலைன்னு சொன்னேன்."

அவர் தாளைக் கசக்கிப் போட்டுவிட்டு வெளியே போனார். மூன்று வாரம் சரியாகப் பேசவில்லை. வண்டியை வேறொருவர் வாங்கிக்கொண்டார். நடராஜன் கப்பலேறிய நாளில் அவரை வழியனுப்பப் போய்விட்டு வந்து, கலியாணசுந்தரம் சட்டையைக்கூடக் கழற்றாமல் கூடத்தில் நெடுநேரம் உட்கார்ந்திருந்தார். கமலவேணி டீ கொண்டு வைத்தாள். அது ஆறிப்போயிற்று.

அவளுக்கும் அதன்பின் கால் தரிக்கவில்லை. கணவரின் ஆசையைக் கெடுத்தாயிற்று. அதற்குப் பதிலாக எதையாவது செய்து காட்ட வேண்டும். சங்கத்து மாடிக்கு மறுபடி மறுபடி ஏறினாள். இருபது வருடத்துக்கும் எவ்வளவு வட்டி, எவ்வளவு அசல் என்று எழுதிய பட்டியல் வேண்டும் என்று கேட்டாள். முதல் முறை பொன்னுதுரை, நேரமில்லை என்றார். இரண்டாம் முறை, அப்படித் தருகிற வழக்கம் இல்லை என்றார். மூன்றாம் முறை, கார்பன் வைத்து டைப் அடித்த ஒரு தாளை இழுப்பறையிலிருந்து எடுத்து நீட்டினார்.

இருபது வரிகள். முதல் வருடம் அசலில் கழிவது 138.60. இரண்டாம் வருடம் 149.00. மூன்றாம் வருடம் 160.17. இப்படியே ஏறிக்கொண்டு போய்க் கடைசி வருடம் ஐந்நூற்று நாற்பத்தேழைத் தாண்டி நின்றது. தையல் மெஷின் பக்கத்தில் சுவரில் அதை ஒட்டிவைத்தாள். நூல் கோக்கும்போது பார்ப்பாள், ஊசி உடைந்தால் மாற்றும்போது பார்ப்பாள். பட்டியலில் ஏதோ இருக்கிறது என்று மனசு அரித்தது. என்ன என்று பிடிபடவில்லை.

ஒரு வியாழக்கிழமை காலை, பள்ளிச் சட்டைகளுக்குத் துணி வெட்டிக்கொண்டிருக்கும்போது அது பிடிபட்டது. இந்த வருடம் முடியும்போது கடன் ஒரு தொகையில் நிற்கும். மூன்றாம் வருடம் முடியும்போது அதைவிட நூற்று அறுபது வெள்ளி குறைவாக நிற்கும். அந்த நூற்று அறுபதை இந்த வருடமே, டிசம்பர் முடிவதற்குள், தவணைக்கு மேல் கட்டிவிட்டால்? மூன்றாம் வருடத்தில் நிற்க வேண்டிய இடத்துக்குக் கடன் இந்த வருடமே வந்து நிற்கும். ஒரு வரி முழுசாகப் போய்விடும். அந்த ஒரு வரியோடு பன்னிரண்டு தவணைகள், ஐந்நூற்று எண்பத்தெட்டு வெள்ளி அறுபது காசு, கடைசி வருடத்திலிருந்து உதிர்ந்துவிடும்.

கத்தரிக்கோலை அப்படியே போட்டுவிட்டுப் பஸ் ஏறினாள். இந்த முறை உட்கார்ந்து போனாள், ஆனால் இருக்கை விளிம்பில்.

பொன்னுதுரை கேட்டுவிட்டுப் பென்சிலை எடுத்தார். ஒரு தாளில் போட்டுப் பார்த்தார். பிறகு, "ஓம். நீங்கள் சொல்லுறது சரிதான்," என்றார். குரலைத் தாழ்த்தி, "எனக்கும் ஒரு வீட்டுக் கடன் இருக்கு. நான் இப்பிடிப் பாத்ததில்லை," என்றார்.

நூற்று அறுபது வெள்ளி என்றால் நூற்று முப்பத்து நாலு ரவிக்கை. கையில் ஏழு மாதம் இருந்தது. கமலவேணி சீனப் பெருநாளுக்கும் நோன்புப் பெருநாளுக்கும் தைப்பதுபோல எல்லா நாளும் தைக்கத் தொடங்கினாள். கணவரிடம் விவரம் சொன்னாள். அவர் "ம்" என்றார், அவ்வளவுதான். ஆனால் அந்த மாதச் சம்பள நாளில் மெஷின் பலகை மேல் எட்டு வெள்ளியை வைத்துவிட்டுப் போனார்.

"இது ஏதுங்க?"

"ரெண்டு நாள் டபுள் டூட்டி பார்த்தேன். வச்சுக்க."

டிசம்பர் இருபத்தெட்டாம் தேதி நூற்று அறுபது வெள்ளி இருபது காசைக் கைக்குட்டையில் முடிந்துகொண்டு சங்கத்துக்குப் போனாள். பொன்னுதுரை விடுப்பில் இருந்தார். வேறு ஒருவர் பணத்தை எண்ணி வாங்கி, ரசீது கொடுத்தார். அன்றைக்கு அவள் வீட்டுக்குத் திரும்பி, முதல் முறையாகப் பிற்பகலில் படுத்து அயர்ந்தாள்.

ஜனவரியில் நீள உறை வந்தது. கடைசி வரியில் 5,712.40 என்று இருந்தது. அவள் கட்டிய நூற்று அறுபது அதில் கழியவே இல்லை. கீழே தனியாக ஏதோ எழுதி, பக்கத்தில் 160.20 என்று போட்டிருந்தது.

உறையோடு கணவரிடம் போனாள். கலியாணசுந்தரம் கடிதத்தை வாங்கி எழுத்துக் கூட்டிப் படித்தார். "அட்வான்ஸ்னு போட்டிருக்கான். அடுத்த மூணு மாசத் தவணையை முன்கூட்டியே கட்டினதா எழுதிக்கிட்டான்."

"நான் அதுக்கா கட்டினேன்?"

அவர் காக்கிச் சட்டையை மாட்டினார். "வா, நானும் வர்றேன்," என்றார். அவர் அந்தக் கணக்குக்காக அவளோடு படியேறியது அதுதான் முதல் தடவை.

மானேஜர் ஒரு சீனர். மலாயில் பேசினார், மரியாதையாகத்தான் பேசினார். எழுத்தில் எதுவும் கொடுக்காவிட்டால் கூடுதலாக வரும் பணத்தை முன்தவணையாக வைப்பதுதான் விதி என்றார். இப்போது அசலில் கழிப்பதாக மாற்றிவிடலாம். ஆனால் டிசம்பர் கணக்கு மூடியாயிற்று, ஆகவே அது இந்த வருடக் கடைசியில்தான் கழியும் என்றார்.

"அப்ப இந்த ஒரு வருஷம் அந்தப் பணத்துக்கும் எங்ககிட்ட வட்டி வாங்குவீங்க," என்றாள் கமலவேணி, தனக்குத் தெரிந்த மலாயில். "பணம் உங்க பெட்டியில இருக்கு. வட்டி எங்க தலையில. பன்னெண்டு வெள்ளி."

மானேஜர் கணக்குப் போட்டுப் பார்த்தார். பன்னிரண்டு வெள்ளியும் ஒரு காசும் வந்தது. வருந்துவதாகச் சொன்னார், மூடிய கணக்கைத் திறக்கத் தனக்கு அதிகாரம் இல்லை என்றார். கலியாணசுந்தரம் நாற்காலியை விட்டு எழுந்தார். கம்பெனியில் அவர் குரலுக்குப் பயப்படாத கண்டக்டர் கிடையாது. கமலவேணி அவர் முழங்கையைப் பிடித்து உட்கார வைத்தாள். ரசீதை மேசைமேல் பரப்பி, இது அசலில் கழிக்கத் தந்த பணம் என்று எழுதிக் கையெழுத்துப் போடுங்கள் என்றாள். மானேஜர் எழுதினார். தேதி போடவில்லை. தேதியும் போடுங்கள் என்றாள்.

படியிறங்கும்போது கலியாணசுந்தரம், "பன்னெண்டு வெள்ளிய விட்டுட்டியே," என்றார்.

"விடலீங்க. போயிருச்சு. இனிமே போகாது."

அதன்பின் ஒவ்வொரு டிசம்பரிலும் பணத்தோடு ஒரு கடிதமும் போயிற்று. கடிதத்தைப் பொன்னுதுரைதான் ஆங்கிலத்தில் எழுதிக் கொடுத்தார். ஒரு பிரதி சங்கத்துக்கு, ஒரு பிரதி கமலவேணிக்கு. ஒன்றாம் தேதித் தவணையையும் அவளே கொண்டுபோய்க் கட்டத் தொடங்கினாள். ஆண்டுதோறும் அடுத்த வரிக்கான தொகை பெரிதாகிக்கொண்டே போயிற்று. நூற்று எழுபது இருநூறாயிற்று, இருநூறு முந்நூறாயிற்று. அறுபத்து மூன்றில் மூத்தவள் சீதாவுக்கு டைபாய்டு வந்து, சேர்த்ததெல்லாம் மருந்துக்கும் பாலுக்கும் போயிற்று. அந்த வருடம் கூடுதல் பணம் கட்ட முடியவில்லை. அறுபத்தைந்தில் கம்பெனியில் வேலைநிறுத்தம், அந்த வருடமும் இல்லை. அந்த இரண்டு டிசம்பரிலும் கமலவேணி எதையோ எங்கோ மறந்துவிட்டவள் போல வீட்டுக்குள் சுற்றி வந்தாள். பிள்ளைகளை அதட்டினாள். கண்ணாடி போட வேண்டி வந்தது. கழுத்தில் ஒரு வலி வந்து தங்கிவிட்டது. கலியாணசுந்தரம் வாரத்தில் மூன்று நாள் டபுள் டூட்டி பார்த்தார். விடியுமுன் போவார், விளக்கு வைத்த பிறகு வருவார். ஞாயிற்றுக்கிழமையும் பெரும்பாலும் தாம்பின் போகும் பஸ்ஸில்தான் இருப்பார்.

அறுபத்தொன்பது டிசம்பரில் பட்டியலின் கடைசி வரியைப் பென்சிலால் அடித்தார்கள். இருபது வருடக் கடன் பன்னிரண்டு வருடத்தில் முடிந்தது. சங்கத்துக்கு மொத்தம் கட்டியது ஒன்பதாயிரத்து எழுநூற்று முப்பத்தாறு வெள்ளி சொச்சம். பதினோராயிரத்து எழுநூற்று எழுபத்திரண்டு கட்டியிருக்க வேண்டியது. வீட்டின் உரிமைப் பத்திரமான கிராண்டு கைக்கு வர இன்னும் ஆறு வாரம் ஆயிற்று; அதுவரை ஒன்றாம் தேதிகளில் கமலவேணி அதைக் கேட்கச் சங்கத்துக்குப் போய்வந்தாள். சிவப்பு முத்திரை வைத்த அந்தப் பத்திரத்தைக் கலியாணசுந்தரம் இரண்டு கையாலும் வாங்கினார். பொன்னுதுரை தன் மேசையிலிருந்து எழுந்து வந்து, அவர் கையைக் குலுக்கிவிட்டுக் கமலவேணியைப் பார்த்துத் தலையசைத்தார். தன் வீட்டுக் கடனில் இன்னும் நாலு வரி மிச்சம் என்றார்.

அதைக் கொண்டாட என்று கலியாணசுந்தரம் ஒரு வாரம் விடுப்பு எடுத்தார். முதல் நாள் சாப்பாட்டுக்குப் பிறகு கூடத்தில் சாய்வு நாற்காலியைப் போட்டுப் பத்திரிகையோடு உட்கார்ந்தார். சற்று நேரத்தில் நாற்காலியை நகர்த்தினார். மறுபடியும் நகர்த்தினார்.

"கமலம், இந்தப் பக்கம் வெயில் வருமா?"

"ரெண்டு மணிக்கு மேல ஜன்னல் வழியா நேரா இறங்கும். நாலரை வரைக்கும் இருக்கும்."

"எப்பவுமா?"

"வந்த நாள்லேருந்து."

அவர் கொஞ்ச நேரம் அந்த வெயிலைப் பார்த்துக்கொண்டிருந்தார். பன்னிரண்டு வருடத்தில் அந்த வீட்டின் மத்தியானத்தை அவர் ஒழுங்காகப் பார்த்ததில்லை. அவளுக்கு அது அப்போதுதான் உறைத்தது. ஒரு பழைய சேலையை எடுத்து வந்தாள். அவர் ஸ்டூலில் ஏறினார், அவள் பிடித்துக்கொண்டாள், இரண்டு பேருமாக அதை ஜன்னலில் கட்டினார்கள். இறங்கி நின்றவர், "இனிமே ஒரு டூட்டி போதும்," என்றார். அவள் சரி என்றாள்.

அடுத்த மாதம் ஒன்றாம் தேதி காலை, கமலவேணி சேலை மாற்றி, தலை வாரி, குடையை எடுத்துக்கொண்டு கூடத்துக்கு வந்து நின்றாள். வாசலைத் தாண்டப் போகும்போதுதான், தவணை கட்டச் சங்கத்துக்குக் கிளம்பியிருக்கிறோம் என்று உறைத்தது. போக இடம் இல்லை. குடையை வைக்கவும் மனசு வரவில்லை. கலியாணசுந்தரம் அன்று பிற்பகல் டூட்டி. சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டே அவளைப் பார்த்தார்.

"கிளம்பிட்டே, அப்புறம் என்ன? பண்டார் ஹிலிர் வரைக்கும் போய்க் கடலைப் பார்த்துட்டு வருவோம்."

"அங்க என்னங்க வேலை?"

"ஒண்ணும் இல்ல," என்றார் அவர். செருப்பை மாட்டிக்கொண்டார். கதவைப் பூட்டிவிட்டு இருவரும் பஸ் நிற்கும் இடத்துக்கு நடந்தார்கள். கமலவேணி வேகமாகவே நடந்தாள். மெதுவாக நடக்க அவளுக்கு இன்னும் கொஞ்சம் பழக்கம் வேண்டியிருந்தது.